இங்கேயும் ஒரு சிங்கம்

ஸ்கொட்லாந்துக்கு வந்திறங்கும் ஈழத்தமிழரைக் குளிர் பிடிக்க முன்னமே ஒரு கொடி பிடித்துவிடுகிறது. மஞ்சள் துணியில் சிவப்புச் சிங்கம். உதைபந்தாட்டம் நடக்கிற நாளென்றால் தோளில் போர்த்தி, தலையில் கட்டி, குழந்தையின் கன்னத்தில் வரைந்து, திரும்பின பக்கமெல்லாம் அதுதான். சிங்கக்கொடி என்றாலே வயிற்றுக்குள் ஏதோ இறுகிப் பழகின ஆக்களுக்கு முதல் தரம் திடுக்கிடும். இரண்டாம் தரம் உற்றுப் பார்த்தால் சிரிப்பு வரும். அங்கே குங்குமச் சிவப்பில் பொன் சிங்கம், இங்கே பொன்னில் சிவப்புச் சிங்கம். அது மூன்று காலை ஊன்றி நாலாவதால் வாள் பிடிக்கும். இதற்கு வாள் இல்லை. பின்னங்காலில் எழும்பி, நீல நாக்கை நீட்டிக்கொண்டு, நீல நகத்தால் காற்றைப் பிறாண்டிக்கொண்டு நிற்கும்.

இந்தக் கொடி நாட்டுக் கொடியே அல்ல என்பது பலருக்குப் பல வருடம் கழித்துத்தான் தெரியவரும். நீலத்தில் வெள்ளைப் பெருக்கல் குறி போட்டதுதான் எல்லாருக்கும் பொதுவான கொடி. சிங்கம் அரசருக்குச் சொந்தம். ஐந்தாம் ஜோர்ஜ் 1934இல் கொடுத்த அனுமதியின்படி, விசுவாசத்தைக் காட்டக் கையில் பிடித்து ஆட்டலாம். கம்பத்தில் ஏற்றுவதும் கட்டடத்தில் பறக்கவிடுவதும் கூடாது. வாடகை வீட்டு பல்கனியில் கட்டிவிட்டு, ஊரோடு ஒத்துப்போய்விட்டோம் என்று பெருமைப்படுகிற எங்கட ஆக்கள் இதைக் கவனிக்க வேண்டும். 1978இல் இங்கிலாந்தின் செயின்ட் ஆல்பன்ஸ் துணி வியாபாரி ஒருவர் கட்டில் விரிப்பில் அரச சின்னத்தை அச்சடித்து விற்றார். நிறுத்தும்வரை நாளொன்றுக்கு 100 பவுண் தண்டம் விழுந்தது.

தண்டம் போட ஒரு நீதிமன்றமே இருக்கிறது. எடின்பரோவில் வேவர்லி ஸ்டேஷனால் ஏறி வந்து, பிரின்சஸ் வீதியின் கிழக்கு முனையைக் கடந்தால் நியூ ரெஜிஸ்டர் ஹவுஸ். அதற்குள் லோர்ட் லயன் கிங் ஒஃப் ஆம்ஸ் என்ற அதிகாரியின் அலுவலகமும் நீதிமன்றமும் உள்ளன. பதவி பதினாலாம் நூற்றாண்டிலிருந்து வருகிறது; லயன் என்ற பட்டமே அந்தச் சிங்கத்தால் வந்ததுதான். கேடயச் சின்னம், அதாவது ஒருவருக்கே உரிய அடையாளமாகக் கேடயத்தில் வரைகிற சின்னம் கொடுப்பது, பதிவது, யாருக்கு உரிமை என்று தீர்ப்பது எல்லாம் இவர் வேலை. லண்டனிலும் இந்த வேலைக்குக் கொலேஜ் ஒஃப் ஆம்ஸ் இருக்கிறது. ஆனால் அங்கே சின்னத்தைத் திருடினவரைப் பிடித்து உலுக்க ஒரு வழக்குத்தொடுநர் சம்பளத்துக்கு இல்லை, இங்கே இருக்கிறார். 1672ஆம் ஆண்டுச் சட்டம் இன்னும் உயிரோடிருக்கிறது. பதியாத சின்னத்தைப் போட்டால் 100 பவுண் தண்டம், அது பொறித்த தட்டுமுட்டுச் சாமான் பறிமுதல் என்று சொல்கிற சட்டம் அது.

லயனுக்குக் கீழே ஹெரால்ட் என்றும் பர்சிவன்ட் என்றும் அதிகாரிகள். முன்னர் ஆறும் ஆறுமாக இருந்தவர்களை 1867ஆம் ஆண்டுச் சட்டம் மூன்றும் மூன்றுமாகக் குறைத்தது. மார்ச்மொன்ட், ரோத்சே, ஸ்னோடன், ரொஸ் என்று இடப்பெயர்ப் பட்டம். பர்சிவன்டுகளில் ஒருவருக்கு யுனிகோர்ன் என்றே பெயர். ஹெரால்டுக்கு வருடச் சம்பளம் 25 பவுண், பர்சிவன்டுக்கு 16 பவுண் 70 பென்ஸ். மாதத்துக்கல்ல, வருடத்துக்கு. அதனால் இவர்களில் பலர் சட்டம், வரலாறு என்று வேறு தொழில் பார்ப்பவர்கள். மனு எழுதவும் வம்ச ஆராய்ச்சி செய்யவும் ஆட்களிடம் கட்டணம் வாங்கி உதவலாம். லயனுக்கும் பதிவாளருக்கும் மட்டும் ஒழுங்கான சம்பளம். சின்னம் கேட்பவர் கட்டுகிற பணம் அவர்கள் பைக்குப் போகாமல் அரச கருவூலத்துக்குப் போகிறது.

இவர்களை வேலை உடுப்பில் பார்க்க விரும்பினால் எடின்பரோவின் செயின்ட் ஜைல்ஸ் தேவாலயத்துக்குப் பக்கத்தில் உள்ள மெர்கட் குரொஸ் என்ற கல்மேடையடியில் நிற்க வேண்டும். அரச அறிவித்தல்களை வாசிப்பது அங்கேதான். 2022 செப்டம்பர் 11ஆம் திகதி மூன்றாம் சார்ள்ஸ் அரசரானார் என்று லயன் அறிவித்ததும் அங்கேதான். முன்னும் பின்னும் கையிலும் அரச சின்னம் தைத்த, சீட்டுக்கட்டு இராசாவின் சட்டை. கீழே எடின்பரோ மழைக்கு ஏற்ற கறுப்புச் சப்பாத்து. கைத்தொலைபேசியில் எல்லாம் தெரிகிற காலத்தில் ஒருவர் படியேறி நின்று சுருளை விரித்து உரத்து வாசிக்கிறார். ஊரில் பறையடித்து அறிவித்த காலத்தைக் கிழவர்கள் சொல்லக் கேட்டிருக்கிற எங்களுக்கு இது புதினமாகவே படாது. அவர்கள் விடாமல் வைத்திருக்கிறார்கள் என்பதுதான் கொஞ்சம் வயிற்றெரிச்சல்.

முன்னே சொன்ன பட்டப்பெயர்களில் ரொஸ் என்றதும் ஒரு கிளைக்கதை. வடக்கே ஈஸ்டர் ரொஸ் பகுதியில் ஃபைரிஷ் என்ற குன்றின் உச்சியில் தனியாக நிற்கும் கல்வளைவுகள் நாகபட்டினக் கோட்டை வாசலின் சாயலில் கட்டியவை. 1781இல் டச்சுக்காரரிடமிருந்து நாகபட்டினத்தைப் பிடித்த சேர் ஹெக்டர் மன்றோ கட்டுவித்தது. யாழ்ப்பாணக் கடலுக்கு அந்தக் கரையில் இருந்த ஊரின் வாசல், பைன் மரக்காட்டுக்கு மேலே மழையில் நனைகிறது.

சரி, சின்னத்துக்கு வருவோம். எடின்பரோவின் றோயல் மைல் வீதிக் கடைகளில் குடும்பப்பெயரைத் தட்டினால் உடனே உங்கள் குடும்பச் சின்னம் என்று தட்டிலும் சாவிக்கோர்வையிலும் அடித்துத் தருவார்கள். லயன் அலுவலகத்தில் இதைச் சொன்னால் பல்லைக் கடிப்பார்கள். குடும்பச் சின்னம் என்று ஸ்கொட்லாந்தில் ஒன்றும் கிடையாது. ஒரு கேடயம், ஒரு காலத்தில், ஒரே ஒரு ஆளுக்கு. அப்பாவின் சின்னம் அவருக்குப் பின் மூத்தவருக்குப் போகும். இளையவர்கள் அதே சின்னத்தைப் போட முடியாது. மனுப் போட்டு, கேடயத்தின் ஓரத்தில் ஒரு நிறக்கரையோ வேறொரு வித்தியாசமோ சேர்த்து, தம் பெயரில் பதியவேண்டும். வார்ப்பட்டை வட்டத்துக்குள் கிளான் என்கிற குலத்தின் தலைவருடைய முடிச்சின்னத்தை, அதாவது கேடயத்துக்கு மேலே வருகிற சின்னத்தைப் போட்டு விற்கும் பட்ஜை மட்டும் அந்தக் கிளானைச் சேர்ந்த எவரும் குத்தலாம். சின்னம் என்னவோ தலைவருடையதுதான்.

கடைக்காரர் எங்கட பெயரைத் தட்டிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்குவார். அதில் கவலையில்லை. கவலை வேறெங்கோ இருக்கிறது.

ஸ்கொட்லாந்து மரபில் சின்னமும் குடும்பப்பெயரும் பிரியாது. சின்னத்தைச் சுதந்தரிக்கிறவர் அந்தப் பெயரையும் சுமக்கவேண்டும். எங்களிடம் சுமப்பதற்கு அப்படியொரு பெயரே இல்லை. கந்தையாவின் மகன் சிவலிங்கம். விசா வாங்கும்போது எந்தக் கட்டத்தில் எது விழுந்ததோ, கிளினிக்கில் தாதி வந்து மிஸ்டர் கந்தையா என்று கூப்பிடுகிறார். கந்தையா சாவகச்சேரியில் காலமாகிப் பதினைந்து வருடம். மகன் எழும்பிப் போகிறார். சிவலிங்கத்தின் மனைவி மிசிஸ் சிவலிங்கம், பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் சிவலிங்கம், அந்தப் பிள்ளைகளின் பிள்ளைகளுக்கு இன்னொரு பெயர். ஒரே வீட்டின் வாசற்கதவில் மூன்று குடும்பப்பெயருக்குக் கடிதம் விழுகிறது. தபால்காரர் மூன்று வாடகைக் குடும்பம் என்று நினைத்திருப்பார். மக்டொனால்ட் என்ற பெயரை எழுநூறு வருடமாகத் தேயவிடாமல் வைத்திருக்கிற நாட்டில், அப்பாவின் பெயரை ஒரு தலைமுறை சுமந்து இறக்கிவைக்கிற எங்கட வழக்கம் எந்தப் படிவத்திலும் அடங்குவதில்லை. வங்கியில், கடவுச்சீட்டில், வீட்டு உறுதியில் இது ஒரு தலையிடி என்றால் லயன் அலுவலகத்தில் இது அடித்தளமே இல்லாத வீடு.

இங்கே பிள்ளை பிறந்தால் 21 நாளுக்குள் பதியவேண்டும். குடும்பப்பெயர்க் கட்டத்தில் எதை எழுதினாலும் பதிவாளர் பெரிதாக மறுக்கமாட்டார், அதுதான் ஆபத்து. பிரசவக் களைப்பில் எழுதின பெயர் அப்படியே நிலைத்துவிடும். சிலர் தாத்தா பெயரை எல்லாப் பிள்ளைகளுக்கும் பொதுவாக வைத்து அதையே நிரந்தரமாக்கிவிடுகிறார்கள். சின்னம் எடுக்கும் எண்ணம் இருந்தால் அதுதான் வசதியான வழி. ஆனாலும் சின்னம் தந்ததற்கான ஒரு பட்டயத்துக்காக அப்பா பெயரைப் பிள்ளைக்குக் கொடுக்கிற வழக்கத்தை விடுவது நட்டக் கணக்கு என்பதுதான் இதை எழுதுகிறவரின் கட்சி.

சின்னம் இல்லாத சனமும் இல்லை நாங்கள். வன்னியிலும் மட்டக்களப்பிலும் மாட்டுக்குக் குறி சுடுவார்களே, அதுதான் எங்கட கேடயம். மட்டக்களப்புப் பக்கம் குடிக்கொரு குறி, அதோடு சொந்தக்காரரின் குறி. காய்ச்சின இரும்பு தோலில் பட்டதும் எழும்புகிற அந்த மணம், கயிற்றை இழுத்துப் பிடிக்கிறவர்களின் சத்தம், பிறகு ஒரு வாரம் காயத்தில் ஈ மொய்க்காமல் பார்த்துக்கொள்கிற பெடியன். பட்டிகள் கலந்துபோனால் குறியைப் பார்த்துப் பிரிப்பார்கள். கலவரத்தில் சிதறின மாடுகளைக் குறியைப் பார்த்துக் கண்டுபிடித்த கதையும், மாடு கிடைத்துச் சொந்தக்காரர் கிடைக்காத கதையும் வன்னியில் நிறைய.

இனி மனுவின் நடைமுறை. நிரந்தர இருப்பிடம் ஸ்கொட்லாந்தாக இருக்கவேண்டும். லண்டனில் இருக்கும் மச்சானுக்கும் சேர்த்து இங்கே எடுத்துக் கொடுக்கலாம் என்று நினைக்கவேண்டாம். அவர் போகவேண்டியது கொலேஜ் ஒஃப் ஆம்ஸுக்கு. மனுவில் எழுதுகிற ஒவ்வொன்றுக்கும் சான்று கேட்பார்கள்: பிறப்புச் சாட்சிப்பத்திரம், விவாகச் சாட்சிப்பத்திரம், பட்டம், பதவி. சான்றிதழில் ஒரு எழுத்துக்கூட்டல், கடவுச்சீட்டில் இன்னொன்று என்றால் அங்கேயே தேங்கும். முதலில் சத்தியக்கடதாசி ஒன்று முடித்துவைத்தால் நேரம் மிச்சம். கட்டணம் பவுணில் நாலு இலக்கம். கேடயம் மட்டும் என்றால் குறைவு. மேலே முடிச்சின்னம் வைத்தால் கூடும். இரண்டு பக்கமும் தாங்கி நிற்கிற விலங்குகளை ஆசைப்பட்டுக் கேட்கவேண்டாம், அது பிரபுக்களுக்கும் கிளான் தலைவர்களுக்கும் போன்றவர்களுக்குத்தான். மனு ஏற்றால், கேட்கிற வடிவம் ஏற்கெனவே யாருடையதும் இல்லை என்று 1672இல் தொடங்கின பதிவேட்டோடு ஒத்துப் பார்ப்பார்கள். கையில் வந்து சேர ஒரு வருடத்துக்கு மேலும் ஆகலாம்.

எங்கட ஆக்கள் அதிகம் சறுக்குகிற இடம் வடிவம்தான். ஒரு கேடயத்துக்குள் பனைமரம், யாழ், கார்த்திகைப்பூ, கோபுரம், புத்தகம், பேனை எல்லாவற்றையும் அடைக்கப் பார்ப்பார்கள். இது தூரத்தில் வரும் குதிரைக்காரனை அடையாளம் காண உருவான கலை. இரண்டு மூன்று பொருளுக்கு மேல் தாங்காது. பொன்னும் வெள்ளியும் உலோகம், சிவப்பு, நீலம், கறுப்பு, பச்சை, ஊதா நிறம். உலோகத்தின் மேல் உலோகமோ நிறத்தின் மேல் நிறமோ வைக்கக் கூடாது. நீலக் கடலில் பச்சைப் பனை என்றால் திருப்பி அனுப்புவார்கள். வெள்ளியில் பச்சைப் பனை என்றால் சரி. வலது இடது கேடயத்தைப் பிடிக்கிறவரின் பார்வையில் கணக்கு, பார்க்கிறவருக்கு எதிர்மாறாக வரும்.

பாண்டியரின் இரட்டைக் கயலைக் கேட்பவர்கள் மீன் எப்படி நிற்கிறது என்று சொல்லவேண்டும். தலை மேலே, தலை கீழே, கிடையாக நீந்துவது, ஒவ்வொன்றுக்கும் தனி வழக்குச் சொல் உண்டு. சொல்லாமல் விட்டால் ஓவியர் தன்பாட்டுக்குப் போடுவார். சோழப் புலியில் இதைவிடப் பெரிய கண்ணி. இவர்களுடைய பழைய மரபில் புலி என்பது வரியே இல்லாத, ஓநாயுடலும் கொக்கி மூக்கும் உள்ள கற்பனை மிருகம். ஐரோப்பியச் சித்திரக்காரர் புலியைக் காணாமல் வரைந்ததன் விளைவு. உண்மையான புலி வேண்டுமென்றால் வங்கப்புலி என்று எழுத்தில் கேட்கவேண்டும். இல்லாவிட்டால் இராசராசன் கொடியில் ஒரு நரி வந்து உட்காரும்.

சங்கங்களுக்கு இன்னொரு எச்சரிக்கை. வெள்ளைச் சட்டைப் பையில் குத்தின பள்ளிக்கூடச் சின்னத்தைப் பழைய மாணவர் சங்கப் பதாகையில் பெரிதாக அடிப்பது எல்லா நாட்டிலும் நடக்கிறது. கேடயம், கீழே நாடாவில் மகுடவாக்கியம். இந்த நாட்டில் அது சட்டக்கண்ணில் படக்கூடிய வடிவம். எயர் யுனைட்டெட் உதைபந்தாட்டக் கழகமே தன் பட்ஜ் சட்டத்துக்கு ஒத்துவரவில்லை என்ற பேச்சைக் கேட்கவேண்டி வந்தது. டொனால்ட் ட்ரம்ப் அபடீன்ஷயர் கோல்ஃப் மைதானத்துக்குத் தானாக ஒரு சின்னம் போட்டு, அது எடுபடாமல், முறையாக மனுப் போட்டு 2012இல்தான் பெற்றார். புதிதாகத் தமிழ்ப் பள்ளிக்கூடம் தொடங்குபவர்கள் கேடயத்தை விட்டு, ஒரு யாழையோ விளக்கையோ தனியே வரைந்து இலச்சினையாக்கினால் ஒருவரும் கதவைத் தட்டமாட்டார்கள். ஆனால் அந்த வெள்ளைச் சட்டையும், வியர்வையில் நீலம் கரைந்த பட்ஜும், பிரிவுக்கு முந்திய காலை இறைவணக்கமும் ஒரு விளக்குக்குள் வருமா என்று குழுக் கூட்டத்தில் யாராவது கேட்பார்கள். கூட்டம் அதோடு அன்றைக்கு முடிந்துவிடும்.

பட்டயம் கன்றுத்தோலில் எழுதி, கையால் வண்ணம் தீட்டி, லயனின் முத்திரையோடு வரும். மகுடவாக்கியம் கேடயத்துக்கு மேலே நிற்கும், தமிழில் கேட்கவும் செய்யலாம்; கொம்பும் சுழியும் பிரிந்துபோகாமல், எழுத்தின் வெளிக்கோட்டைப் பெரிதாக வரைந்தே ஓவியரிடம் கொடுக்கவேண்டும். மூன்று சொல்லுக்கு மேல் நாடாவில் பிடிக்காது. தோல் உயிரோடிருந்த பொருள் என்பதால் ஈரத்துக்கு உப்பும், சூட்டுக்குச் சுருங்கும். கண்ணாடியில் ஒட்டாமல் இடைவெளி விட்டுச் சட்டம் போடவேண்டும். ரேடியேட்டருக்கு மேல் மாட்டக் கூடாது, வெயில் படுகிற சுவர் கூடாது, குசினிப் புகையும் சாம்பிராணியும் அண்டக் கூடாது. இந்த நாட்டு வீடுகளில் இப்படிப்பட்ட சுவர் ஒன்றுதான் தேறும். அதில் நல்லூர்க் கந்தனும் அப்பப்பாவின் மாலை போட்ட படமும் வந்த அன்றைக்கே ஏறிவிட்டார்கள். இறக்கச் சொல்லி அம்மாவிடம் கேட்க வீட்டில் ஒருவருக்கும் துணிவில்லை.