பூட்டின் மேல் அரக்கு

சித்தப்பாவின் பாத்திரக் கடைக்கு நேற்றுக் காலை சீல் வைத்துவிட்டார்கள். நகராட்சி வளாகத்தில் இருபத்திரண்டு வருடக் கடை. பூட்டைத் துணியால் சுற்றி, முடிச்சில் சிவப்பு அரக்கு. ஷட்டரில் ஒட்டிய நோட்டீஸின் பசைகூடக் காயவில்லை. கணக்கு நோட்டை எடுக்க ஐந்து நிமிடம் கேட்டாராம், கொடுக்கவில்லை.

பாக்கி உண்மைதான். ஆனால் வாடகையை ஒரேயடியாக மூன்று மடங்காக்கினால் யார் கட்டுவது? எல்லாரும் சேர்ந்து வழக்குப் போட்டார்கள், இடைக்காலத் தடையும் கிடைத்தது. அப்புறம் பழைய வாடகையையும் கட்டாமல் விட்டதுதான் பெரிய தப்பு. தடை என்றால் தள்ளுபடி இல்லை. வழக்கு தோற்றதும் அத்தனை மாதமும் மொத்தமாகத் தலையில் விழுந்தது.

2017ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் அரசு, உள்ளாட்சிக் கட்டடங்களுக்குப் பொருந்தாது. அந்தப் பாதுகாப்பை நம்பி இருக்க முடியாது. 2021 ஆகஸ்டில் உதகை மார்க்கெட்டில் நூற்றுக்கணக்கான கடைகளுக்கு பாக்கிக்காக சீல் விழுந்ததை மறந்திருக்க மாட்டீர்கள்.

இப்படிக் கடை வைத்திருப்பவர்கள், வழக்கு நடந்தாலும் பழைய வாடகையை மாதாமாதம் கட்டி ரசீது வாங்கி வையுங்கள். வாங்க மறுத்தால் நீதிமன்றத்திலேயே செலுத்த முடியுமா என்று வக்கீலிடம் கேளுங்கள்.

சித்தி நகையை எடுத்துக்கொண்டு வங்கிக்குப் போயிருக்கிறார். தீபாவளிச் சரக்கு முழுக்க உள்ளே கிடக்கிறது.