நல்ல போட்டோ மட்டும் போதாது: காட்டுயிர் ஆவணப்பட வேலைக்குள் நான் வந்த வழி

வேலை கேட்டு அலைந்தபோது என்னிடம் இருந்ததெல்லாம் அழகான பறவைப் படங்கள். பார்த்தவர்கள் பாராட்டினார்கள், வேலை தரவில்லை. ஒரு தயாரிப்பாளர் மட்டும், "இந்தப் பறவை இதற்கு முன்னால் என்ன செய்தது, அப்புறம் என்ன செய்தது?" என்று கேட்டார். பதில் தெரிந்தது, காட்ட ஷாட் இல்லை.

கடைசியில் கேமராவைத் தொடாத ஒரு வேலையில்தான் உள்ளே போனேன். படமாகி வந்த ஃபுட்டேஜை முழுக்கப் பார்த்து, எந்த கார்டில், எந்த நிமிடத்தில், எந்த விலங்கு என்ன செய்கிறது என்று குறிப்பெழுத வேண்டும். கண் எரியும், தூக்கம் வரும். ஆனால் எடிட்டர் எதற்குத் தவிக்கிறார் என்பது அங்கேதான் புரிந்தது. துரத்தல் நிறைய இருக்கும். இரை தலைதூக்கிப் பார்க்கும் க்ளோசப் ஒன்று இருக்காது. அந்த மூன்று நொடி இல்லாமல் காட்சி ஒட்டாது. ஒலியும் அப்படித்தான். தொலைவிலிருந்து 600 மி.மீ. லென்ஸில் எடுத்த ஷாட்டில் காலடிச் சத்தம் எங்கிருந்து வரும்? பெரும்பாலும் பிறகு உருவாக்கிச் சேர்ப்பதுதான். இதைச் சொன்னால் என் வீட்டில் இன்னும் நம்புவதில்லை.

அப்புறம் ஒளிப்பதிவாளருக்கு உதவியாளரானேன். டிரைபாட் சுமப்பது, பேட்டரி சார்ஜ் போடுவது போக, மறைவிடக் கூடாரத்துக்குள் அவரோடு நுழைந்து, நான் மட்டும் வெளியே வந்து நடந்து போய்விடுவேன். ஆள் போய்விட்டான் என்று பல பறவைகள் கூட்டுக்குத் திரும்பிவிடும். வெயில் ஏறினால் தரைச் சூட்டில் காற்று அலையடித்து, தூரத்து ஷாட் எல்லாம் நெளியும். அதனால் காலையும் மாலையும்தான் வேலை. பறவை எப்போது பறக்கும் என்று ஊகிக்கத் தேவையில்லாத வசதியும் உண்டு: பட்டனை அழுத்துவதற்கு முந்தைய சில நொடிகளையும் சேர்த்துப் பதியும் கேமராக்கள் இருக்கின்றன. பறந்த பிறகு அழுத்தினால் போதும்.

பணம் பற்றிச் சுருக்கமாக: எல்லாம் ஒப்பந்தம்தான், இடையில் மாதக்கணக்கில் வருமானமே இருக்காது. கல்யாண வீடியோ எடுப்பவர்களும் எங்களில் உண்டு. அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை.

என் முதல் சொந்தப் படத்துக்கான திட்டத்தில் விலங்கைவிட, அதைப் பல ஆண்டுகளாகக் கவனித்துவரும் ஆராய்ச்சியாளரைப் பற்றித்தான் அதிகம் எழுதினேன். எந்தப் பருவத்தில் எங்கே வரும் என்று அவருக்குத்தான் தெரியும். வனத்துறை அனுமதி எந்த நிலையில் இருக்கிறது, விலங்கு வராமலே போனால் எதைப் படமாக்குவோம் என்றும் ஒரு பத்தி சேர்த்தேன். பணம் போட்டவர்கள் முதலில் படித்தது அந்தப் பத்தியைத்தானாம்.