கனவூரை அளந்தவர்கள்

கண்ணுக்குத் தெரியாத உலகத்துக்கு வரைபடம் போடும் ரகசியக் குழுவைப் பற்றி ஒரு குறுநாவல் எழுதி முடித்திருக்கிறேன். அந்தக் குழுவை உருவாக்கிய வழியை, கற்பனைக் கதை எழுத முயல்பவர்களுக்காக இங்கே பகிர்கிறேன்.

கறுப்பு அங்கி, நள்ளிரவுச் சத்தியம், தீபச் சடங்கு ஆகிய எதையும் அவர்களுக்குக் கொடுப்பதில்லை என்று தொடக்கத்திலேயே முடிவு செய்துகொண்டேன். வரைபடம் போடுகிறவர் அளந்தாக வேண்டும். எதைக் கொண்டு அளக்கிறார்? எப்படிக் குறித்துக்கொள்கிறார்? குறித்தது சரிதான் என்று எப்படி உறுதி செய்கிறார்? இவற்றுக்கு விடை கிடைக்கும்வரை கதையில் ஒரு வரிகூட எழுதவில்லை. எல்லோரும் உறக்கத்தில் போய்வரும் ஊர் ஒன்றே ஒன்றுதான், ஆளுக்கொரு தெரு வழியாக அதற்குள் நுழைகிறோம் என்பது மட்டுமே நான் எடுத்துக்கொண்ட மாயம். மற்றதெல்லாம் நில அளவை.

கதை பரங்கிமலையில் தொடங்குவதற்குக் காரணம் உண்டு. 1802 ஏப்ரல் 10 அன்று ஆங்கிலேயப் படை அதிகாரி வில்லியம் லாம்டன், நாட்டை முக்கோணம் முக்கோணமாக அளந்த இந்தியாவின் பெரும் முக்கோண அளவைக்கான அடிக்கோட்டை அங்கேதான் அளக்கத் தொடங்கினார். பெரும்பாக்கம் குன்றுவரை ஏறக்குறைய 7.5 மைல். நூறடி நீள எஃகுச் சங்கிலியை வைத்து வைத்து அளந்த கோடு அது. முக்கோணத்தின் ஒரு பக்கத்தைத் துல்லியமாக அளந்துவிட்டால் போதும். மற்ற இரண்டு பக்கங்களைக் கோணங்களே சொல்லிவிடும். மலைமேல் நின்று, அப்பால் பரவிக் கிடக்கும் கட்டடங்களைப் பார்த்தபடி இதை எண்ணிக்கொண்டிருந்தபோது என் குழு யார் என்பது தெளிவாயிற்று. பகலில் வெயிலில் சங்கிலி பிடித்தவர்கள், கொடி தூக்கியவர்கள். அவர்களில் பெரும்பாலோரின் பெயரை யாரும் நினைவில் வைத்திருக்கவில்லை. கற்றுக்கொண்ட வித்தையை இரவில் தங்களுக்காகப் பயன்படுத்துகிறார்கள்.

கனவில் சங்கிலியைக் கொண்டுபோக முடியாதே? இதற்கு வழிகாட்டியவர் இமயத்தின் குமாவுன் மலைநாட்டைச் சேர்ந்த நில அளவையாளர் நைன் சிங் ராவத். அயலாருக்கு மூடிக்கிடந்த திபெத்துக்குள் யாத்திரிகர் வேடத்தில் நுழைந்து, 1866 ஜனவரியில் லாசாவை அடைந்தார். 108 மணிகள் இருக்க வேண்டிய ஜெபமாலையில் அவரிடம் 100 மணிகளே இருந்தன. நூறு காலடி நடந்ததும் ஒரு மணியை உருட்டுவார். மாலை ஒரு சுற்று வந்தால் பத்தாயிரம் காலடி. பிரார்த்தனைச் சக்கரத்துக்குள் மந்திரச் சுருளுக்குப் பதில் அளவைக் குறிப்புகள். இதைப் படித்த இரவு எனக்கு உறக்கம் வரவில்லை. என் கதைமாந்தர்களும் விழிப்பில் மாதக்கணக்கில் மணி உருட்டி நடந்து பழகுகிறார்கள். கனவில் எண்கள் நழுவிப்போகலாம். விரலுக்குப் பழகிய அசைவு நழுவாது.

அடுத்து, இந்த முறை நடைமுறையில் நிற்குமா என்று சோதித்துப் பார்த்தேன். எங்கள் தாத்தா வீட்டை இடித்துப் பல காலம் ஆகிறது. அக்கா, சித்தப்பா, அத்தை மூவரிடமும் தனித்தனியே தாளைக் கொடுத்து, நினைவிலிருந்து அந்த வீட்டை வரையச் சொன்னேன். முற்றமும் கிணறும் மூன்று தாளிலும் ஒரே இடத்தில் இருந்தன. ஆனால் பின்கட்டிலிருந்து மாட்டுத்தொழுவத்துக்குப் போகும் வழி, அக்காவின் படத்தில் மட்டும் மற்றவர்கள் வரைந்ததைப்போல் இரு மடங்கு. சிறுமியாக இருந்தபோது இருட்டில் அரிக்கேன் விளக்கோடு அந்த வழியில் அனுப்பப்பட்டவள் அவள். வெயிலில் சங்கிலி நீளும் என்பதால் லாம்டனின் ஆட்கள் வெப்பமானியைப் பார்த்து அளவைத் திருத்தினார்கள். என் குழுவினர் அச்சத்துக்குத் திருத்தம் போடுகிறார்கள். எந்தக் கனவானாலும், கண்டவரின் நாடித்துடிப்பைப் பக்கத்தில் குறித்த பிறகே தூரத்தை எழுதுகிறார்கள்.

கதையின் மையம் பிடிபட்டது அதற்கடுத்த நிமிடத்தில்தான். அக்காவின் தாளை அத்தையிடம் காட்டினேன். “ஆமாம், கிணற்றோரம் கொய்யா மரம் இருந்ததே” என்று சொல்லித் தன் தாளிலும் ஒரு மரத்தை வரைந்தார். அத்தைக்கு அது நினைவுக்கு வந்ததா, அக்காவின் படத்திலிருந்து ஒட்டிக்கொண்டதா? அதைப் பிரித்தறிய இனி வழியில்லை. குழு ஏன் ரகசியமாக இயங்க வேண்டும் என்பதற்கு எனக்கு அங்கே விடை கிடைத்தது. வரைபடத்தைப் பார்த்தவர் சாட்சி சொல்லும் தகுதியை இழக்கிறார். மூன்று பேர், ஒருவர் கண்டதை மற்றவர் அறியாமல், ஒரே கோபுரத்தைச் சொன்னால்தான் அது வரைபடத்தில் ஏறும். முழுப் படத்தையும் பார்க்கும் காப்பாளர் ஒருவர் இருக்கிறார். அவருடைய கனவுகளை மட்டும் யாரும் பதிவு செய்வதில்லை. கதையில் நான் மிகவும் நேசிக்கும் பாத்திரம் அவர்.

இல்லாத இடம் வரைபடத்தில் ஏறிவிட்டால் என்னவாகும் என்பதற்கு வரலாற்றிலேயே சான்று இருக்கிறது. வங்காளத்தின் நில அளவைத் தலைவராக இருந்த ஜேம்ஸ் ரென்னல், 1798இல் வெளியிட்ட ஆப்பிரிக்க வரைபடத்தில் காங் மலைத்தொடர் என்று ஒன்றை வரைந்தார். அப்படியொரு மலைத்தொடரே கிடையாது. ஆனாலும் 1880களின் இறுதியில் பிரெஞ்சு அதிகாரி லூயி பின்ஷே அந்தப் பகுதிக்குப் போய்த் திரும்பும்வரை ஒரு வரைபடத்திலிருந்து இன்னொன்றுக்கு அது நகலாகிக்கொண்டே வந்தது. என் கதையில் இளைஞன் ஒருவன் பொய்யாக ஒரு குன்றைச் சேர்க்கிறான். படம் கசிகிறது. சில ஆண்டுகளில் ஊராரெல்லாம் கனவில் அந்தக் குன்றின்மேல் ஏறத் தொடங்குகிறார்கள். அதை அழிப்பதா, உண்மை என்று ஏற்பதா என்ற சண்டையில் குழு இரண்டாக உடைகிறது. இதற்குமேல் சொன்னால் கதை வெளியாகிவிடும்.

எல்லை வகுப்பதற்குச் சமணர்களின் உலகப் படங்கள் கைகொடுத்தன. நடுவில் ஜம்புத்தீவு, சுற்றிலும் வளைய வளையமாகக் கடலும் தீவும். ஒவ்வொரு வளையமும் உள்ளிருப்பதைப்போல் இரு மடங்கு அகலம். மூன்றாம் தீவை மானுஷோத்தர மலை குறுக்கே வளைத்து நிற்கிறது. மனிதர் அதைத் தாண்ட முடியாது. யாரும் நேரில் பார்க்காத உலகத்தை இத்தனை கறாரான விதியோடு வரைந்திருக்கிறார்களே என்று அந்தப் படங்களை மணிக்கணக்கில் பார்த்துக்கொண்டிருந்தேன். என் கனவூருக்கும் அப்படியொரு மலைவளையம் வைத்தேன். அதற்கப்பால் போனவர்களின் குறிப்பைக் குழு ஏற்பதில்லை.

வரைபடத்தை நானே இந்திய மையால் வரைந்தேன். அடிக்கோட்டிலிருந்து தொடங்கி முக்கோணம் முக்கோணமாக விரித்ததால், எழுதும்போது நினைத்திராத சந்துகள் தாமாக வந்து விழுந்தன. அவற்றில் இரண்டு அத்தியாயங்களாகவே மாறின. பதிப்பாளர் வழக்கப்படி படத்தைப் புத்தகத்தின் முன்பக்கத்தில் சேர்க்க விரும்பினார். அட்டையைத் திறந்ததும் படத்தைப் பார்த்துவிட்டால், கதையின் விதிப்படி வாசகரும் சாட்சித் தகுதியை இழந்துவிடுவார் என்று வாதாடினேன். நெடிய பேச்சுக்குப் பிறகு ஒப்புக்கொண்டார். கடைசி அத்தியாயத்துக்குப் பின்னால் மடித்த தாளாக, ஓரத்தில் அச்சத் திருத்த அட்டவணையோடு, படம் அச்சாகிறது.