வாசனை கம்மி என்றவர்

அன்றைக்கு விபத்து எதுவும் நடக்கவில்லை. நிறுத்தாமல் விட்டிருந்தால் நடந்திருக்குமா என்றும் சொல்ல முடியாது. எரிவாயுத் துறையில் பயிற்சி அதிகாரியாகச் சேர்ந்து, மண்டலப் பாதுகாப்புப் பொறுப்பு வரை பார்த்து ஓய்வும் பெற்றாயிற்று. இருந்தும் மனம் அந்தத் தீபாவளி வாரத்திலேயே போய் நிற்கிறது.

பாட்டிலிங் பிளாண்டில் புல்லட் என்று சொல்லும் பெரிய உருளைத் தொட்டி ஒன்றுக்கு, தண்ணீர் நிரப்பி அழுத்தம் தாங்குகிறதா என்று பார்க்கும் ஹைட்ரோ டெஸ்ட் முடித்து, மறுபடி கேஸ் ஏற்றி, சிலிண்டர் நிரப்ப ஆரம்பித்திருந்தோம். கொஞ்ச நேரத்தில் ஒப்பந்தத் தொழிலாளி ஒருவர் என் அறை வாசலில் வந்து நின்றார்.

"சார், வாசனை கம்மியா வருது."

"மத்தவங்களுக்கும் அப்படித் தெரியுதா?"

"யாரும் சொல்லல சார். எனக்குத் தோணுச்சு."

இவ்வளவுதான் பேச்சு. நிரப்புவதை நிறுத்தச் சொன்னேன்.

சமையல் எரிவாயுவுக்கென்று சொந்த வாசனை கிடையாது. நாம் முகர்வது அதில் கலக்கும் எத்தில் மெர்காப்டனின் நாற்றத்தை. காற்றில் சுமார் 2 சதவீதம் கேஸ் கலந்தாலே தீப்பிடிக்கும். அதில் ஐந்தில் ஒரு பங்கு இருக்கும்போதே மூக்குக்குத் தெரிந்துவிட வேண்டும். தண்ணீர் நிரப்பிச் சோதித்த தொட்டியின் உள்சுவரில் துரு இருந்தால், அந்தத் துரு மெர்காப்டனைத் தின்றுவிடும். அமெரிக்காவில் டெக்சாஸ் மாநிலத்தின் நியூ லண்டன் பள்ளியில் 1937 மார்ச் 18 அன்று வாசனையற்ற வாயு கசிந்து வெடித்து ஏறக்குறைய 300 பேர் இறந்தார்கள். பெரும்பாலும் பிள்ளைகள். அதற்குப் பிறகே அங்கே வாயுவுக்கு வாசனை சேர்ப்பதைச் சட்டமாக்கினார்கள். இதையெல்லாம் படித்தவன், அந்த மனிதர் சொன்னதைக் கேட்டுவிட்டு எப்படிச் சும்மா இருப்பது?

மேலிடத்திலிருந்து போன் வந்தது. எந்த அளவீட்டை வைத்து நிறுத்தினீர்கள் என்று கேட்டார்கள். என் முடிவு என்று மட்டும் சொன்னேன். அவர் பெயரைச் சொல்லவில்லை. மாதிரி எடுத்துச் சோதித்ததில், இருக்க வேண்டிய குறைந்தபட்ச அளவுக்குச் சற்று மேலே இருந்தது. சரி என்று மறுபடி ஓட்டினோம். ஆனால் அவர் வாசனை இல்லை என்று சொல்லவில்லையே, கம்மி என்றுதானே சொன்னார்? வழக்கத்தைவிடக் குறைந்துதான் இருந்தது. அவர் மூக்கு பொய் சொல்லவில்லை. சோதனை பதில் சொன்னது வேறொரு கேள்விக்கு.

பெயரை மறைத்துப் பயனும் இல்லை. அவர் என் அறைக்கு வந்ததை எல்லோரும் பார்த்திருந்தார்கள். லாரி டிரைவர்களுக்கு நடைக் கூலி, ஏற்றி இறக்குபவர்களுக்கு லோடு கணக்கு. தீபாவளிச் செலவு கழுத்தை நெரிக்கும் வாரத்தில் அவர்கள் வரும்படி போயிற்று. பிறகு அவரே ஒருநாள் வந்தார்.

"இனிமே எதுவும் சொல்ல மாட்டேன் சார்."

"நீங்க சொன்னது சரிதாங்க."

"சரியா இருந்து என்ன சார்? அவங்க கூலி போச்சே."

நிறுத்தியது சரியான முடிவு என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. அதே நிலைமை வந்தால் மறுபடியும் நிறுத்துவேன். ஆனால் அதற்கான விலையை நானும் கொடுக்கவில்லை, நிர்வாகமும் கொடுக்கவில்லை. பாதுகாப்புக்காக வேலை நின்றால் அந்த நேரத்துக்கும் கூலி தர வேண்டும் என்று எழுதிப் போட்டேன். ஒப்பந்தத்தில் அதற்கு இடமில்லை என்றார்கள். விடாமல் மறுபடி எழுதினேன். காசு கிடைக்கிறது என்றால் ஆளாளுக்கு வாசனை இல்லை என்று வந்து நிற்பார்கள் என்றார் ஒரு மூத்த அதிகாரி. அதை முழுக்கத் தள்ளிவிடவும் முடியவில்லை.

பின்னாளில் தணிக்கைக்குப் போன இடங்களில், மயிரிழையில் தப்பிய சம்பவங்களை எழுதும் பதிவேடு வெறுமையாக இருந்தால் பாராட்டுவார்கள். எனக்கு அது பயத்தைத்தான் கொடுத்தது. நாலு பேர் பொய்யாக வந்து நின்றாலும் பரவாயில்லை, அந்த ஒருவர் மறுபடி வந்தால் போதும் என்றுதான் இன்றும் நினைக்கிறேன். ஆனால் அன்றைக்கே கூலியை எண்ணிக் கொடுத்திருந்தாலும், லாரியை நிறுத்தியவன் என்ற பேச்சு அவரை விட்டுப் போயிருக்குமா என்று எனக்குச் சொல்லத் தெரியவில்லை.