பாதரசக் கணக்கு: கொடைக்கானல் குறிப்புகள்

ஜூன் 3

மூஞ்சிக்கல்லில் இறங்கி, அந்தப் பழைய இரும்புக் கடை இருந்த இடத்தை விசாரித்துக்கொண்டு நடந்தேன். பாதரசம் கலந்த தெர்மாமீட்டர் கண்ணாடிச் சில்லுகள் 7.4 டன் அளவுக்கு அங்கே கிடந்ததை 2001 மார்ச்சில் ஊர்மக்களும் கிரீன்பீஸ் சுற்றுச்சூழல் அமைப்பினரும் வெளிக்கொணர்ந்தார்கள். அவை வந்த இடமான இந்துஸ்தான் லீவரின் தெர்மாமீட்டர் ஆலை அந்த மாதமே மூடப்பட்டது. தன் விதிமுறைகளை மீறிக் கழிவு விற்கப்பட்டதை ஒப்புக்கொண்ட நிறுவனம், அளவை மட்டும் வேறாகச் சொன்னது: 5.3 டன் கண்ணாடி, அதில் 0.15 விழுக்காடு பாதரசம். விடுதிக்குத் திரும்பிப் பெருக்கிப் பார்த்தேன். எட்டுக் கிலோவுக்குச் சற்றுக் குறைவாக வருகிறது. காய்ச்சல் பார்க்கும் தெர்மாமீட்டர் ஒன்றில் ஏறக்குறைய ஒரு கிராம்தான் இருக்கும் என்பதால், இது எண்ணாயிரம் தெர்மாமீட்டர்களின் பாதரசம். விழுக்காட்டில் எழுதியபோது இவ்வளவு பெரிதாகத் தெரியவில்லை.

ஜூன் 4

கட்டுரைக்குப் படம் எடுக்க வீட்டிலிருந்து கொண்டுவந்த பழைய தெர்மாமீட்டர் கைதவறி உடைந்தது. கடுகளவு வெள்ளி உருண்டைகள் மேசையில் ஓடின. காகித அட்டையால் ஒதுக்க ஒதுக்க, இரண்டு சேர்ந்து ஒன்றாயின, ஒன்று சிதறி நான்காயிற்று, ஒன்று பலகை இடுக்குக்குள் போய்விட்டது. சாதாரண அறை வெப்பத்திலேயே ஆவியாகும் பொருள் இது. ஆவிக்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. சன்னல்களைத் திறந்துவிட்டு, குளிரில் வராந்தாவில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

ஜூன் 5

மழை. எங்கும் போகவில்லை.

ஜூன் 6

ஆலை நின்ற மேட்டின் சரிவு பாம்பார் சோலைக்குள் இறங்குகிறது. அங்கே ஓடும் பாம்பாற்றின் நீர்தான் பெரியகுளம் பக்கத்துக் கும்பக்கரை அருவிக்குப் போய்ச் சேருகிறது. 2003-இல் 290 டன் பாதரசக் கழிவு கப்பலில் அமெரிக்காவுக்குத் திருப்பி அனுப்பப்பட்ட செய்தியை எல்லோரும் நினைவில் வைத்திருக்கிறார்கள். மண்ணில் தங்கியதைப் பற்றிய வழக்காடல் அதன் பிறகும் பல ஆண்டுகள் நீண்டதை அவ்வளவாக யாரும் பேசுவதில்லை. ஆலை மண்ணுக்கு விதிக்கப்பட்ட தூய்மை அளவு கிலோ மண்ணுக்கு 20 மில்லிகிராம் பாதரசம், கனடாவில் குடியிருப்பு மண்ணுக்கு 6.6 மில்லிகிராம். இரண்டையும் நேரடியாக ஒப்பிட முடியாது என்ற வாதத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் சோலைக்கு மேலே, ஆற்றின் தலைமாட்டில் இருக்கும் நிலத்தை எந்த நில வகையில் சேர்ப்பது என்பதே இங்கு கேள்வி.

ஜூன் 9

முதல் வரைவை ஆசிரியர் திருப்பி அனுப்பிவிட்டார். 'பாதரசத்தால் இறந்த தொழிலாளர்கள்' என்ற தொடரை அடித்து, "ஆதாரம் எங்கே தம்பி?" என்று ஓரத்தில் எழுதியிருந்தார். கோபம் வந்தாலும் அவர் பக்கம்தான் நியாயம். முன்னாள் தொழிலாளர்கள் 2006-இல் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனதும், 2016 மார்ச்சில் 591 பேர் தொடர்பாக நிறுவனத்துடன் உடன்பாடு ஏற்பட்டதும் பதிவில் உள்ளன. உடன்பாட்டின்படி கொடுத்த தொகையை வெளியிடாத நிறுவனம், அதை மனிதாபிமான உதவி என்றே குறிப்பிட்டது. நோய்களுக்கும் ஆலைக்கும் தொடர்பு இல்லை என்ற நிலையிலிருந்தும் மாறவில்லை. தொடரை நீக்கி, இந்த மூன்றையும் அடுத்தடுத்து வைத்தேன். முன்பைவிட இதுவே கனமாக இருக்கிறது.

ஜூன் 11

நிறுவனத்துக்குக் கேள்விகளைப் பதிவு அஞ்சலில் அனுப்பினேன். முதல் கேள்வி: நியூயார்க் மாநிலத்து வாட்டர்டவுனிலிருந்து 1983-இல் இங்கு இடம்பெயர்ந்த ஆலைக்குள், 2001 வரை எத்தனை கிலோ பாதரசம் வந்தது, அதில் எத்தனை கிலோ தெர்மாமீட்டருக்குள் அடைபட்டு வெளியே போனது? பதிலுக்கு 15 நாள் கெடு கொடுத்திருக்கிறேன்.