மீனாட்சி ஆளும் மாதத்தில்

பாண்டியன் எக்ஸ்பிரஸ் மதுரைக்கு வந்து நின்றபோது இன்னும் விடியவில்லை. ஸ்டேஷனுக்கு வெளியே ஒரு தள்ளுவண்டியில் பருத்திப்பால் கொதித்துக்கொண்டிருந்தது. கருப்பட்டியும் சுக்கும் மணக்க, மேலே தேங்காய்ப்பூ தூவிக் கொடுத்தார் வண்டிக்காரர். என்னுடன் வந்தவனுக்கு அதுதான் முதல் பருத்திப்பால். சென்னையில் பிறந்து வளர்ந்தவன். ஒன்பது வருடங்களாக ஒரே வீட்டில் வாழ்கிறோம்; அவனை என் ஊருக்கு அழைத்துவர எனக்கு இத்தனை காலம் ஆகியிருக்கிறது.

ஜூலைக் கடைசியில் வரவேண்டும் என்பது என் பிடிவாதம். 2012 ஜூலை 29, ஞாயிற்றுக்கிழமை, இந்த ஊரில் வானவில் விழா நடந்தது. கோபி சங்கர் 2011இல் தொடங்கிய 'சிருஷ்டி மதுரை' அதை நடத்தியது. ஆண், பெண் என்ற இரண்டு பெட்டிகளுக்குள் அடங்காத எல்லோருக்குமாக ஒரு பேரணியும் நடந்தது. தொடங்கிவைத்தவர் நாஸ் அறக்கட்டளையின் அஞ்சலி கோபாலன். ஒருபால் உறவைக் குற்றமாக்கிய 377ஆவது சட்டப்பிரிவை எதிர்த்து டெல்லி உயர் நீதிமன்றத்தில் 2009இல் வென்ற வழக்கு அந்த அறக்கட்டளையுடையது.

விழாவுக்கு வைத்த பெயர் ஆலன் டூரிங். அது அவருடைய நூற்றாண்டு. கணினி அறிவியலுக்கு அடித்தளம் போட்ட அந்த மனிதரை, ஓர் ஆணை நேசித்ததற்காக 1952இல் இங்கிலாந்து குற்றவாளியாக்கியது. சிறைக்குப் பதிலாக ஹார்மோன் ஊசி போட்டது. இரண்டே வருடங்களில் இறந்துபோனார். பெயரைக் கேட்டு, வெள்ளைக்காரருக்கும் மதுரைக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான்: டூரிங்கின் தாயார் பிறந்தது கோவைக்குப் பக்கத்துப் போத்தனூரில். தாத்தா மெட்ராஸ் ரயில்வேயில் என்ஜினியர். அவர் நமக்கும் தூரத்துச் சொந்தம்தான்.

மதுரை விழா நடந்த 2012இல், ஜூன் மாதம் சென்னை வானவில் பேரணியில் முதன்முறையாக நடந்தேன். இந்தியாவில் இந்த நடை 1999 ஜூலை 2 அன்று கொல்கத்தாவில் பதினைந்து பேரோடு தொடங்கியது. சென்னைக்கு 2009 ஜூன் 28 அன்று வந்தது. டெல்லித் தீர்ப்பு வெளியானது அதற்கு நான்கு நாள் கழித்து. நான் நடந்தபோது முகமூடி அணிந்திருந்தேன். என்னைப்போல் பலர் அணிந்திருந்தார்கள். டி.வி. கேமரா பக்கம் திரும்பும்போதெல்லாம் எனக்கு ஒத்தக்கடையில் இருக்கும் அம்மாவின் முகம்தான் ஞாபகம் வந்தது. அட்டை முகமூடியின் ரப்பர் காதுக்குப் பின்னால் அறுத்த தடம் இரண்டு நாள் இருந்தது.

அடுத்த மாதமே மதுரையில் பேரணி என்று கேள்விப்பட்டேன். டிக்கெட் எடுக்கவில்லை. சென்னையில் என்னை யார் என்று யாருக்கும் தெரியாது. மதுரையில் டீக்கடைக்காரருக்குத் தெரியும், அப்பாவின் சிநேகிதர்களுக்குத் தெரியும், பள்ளிக்கூட வாத்தியாருக்குத் தெரியும். சொந்தபந்தம் நடமாடும் தெருவில் கொடி பிடித்தவர்களின் துணிச்சல் வேறு ரகம். இந்தியாவின் பெருநகரப் பேரணிகளைப் பற்றி எழுதுகிறவர்கள் மதுரையை ஒரு வரியில் தாண்டிப்போகும்போது எனக்குக் கோபம் வருகிறது.

மேலூர் சாலையில் பஸ் மாட்டுத்தாவணியைத் தாண்டியதும் உயர் நீதிமன்றக் கிளை. பின்னால் யானைமலை படுத்திருந்தது. "இங்கேதானே அந்தத் தீர்ப்பு?" என்று ஜன்னல் பக்கம் சாய்ந்தான். ஆமாம், இங்கேதான். தூத்துக்குடிக் கோயிலில் 2018 அக்டோபரில் ஓர் ஆணும் ஒரு திருநங்கையும் மணந்துகொண்டார்கள். பதிவு அதிகாரிகள் அதைப் பதிய மறுத்தார்கள். இந்து திருமணச் சட்டத்தில் வரும் 'மணமகள்' என்ற சொல் திருநங்கைக்கும் உரியது என்று நீதிபதி ஜி.ஆர். சுவாமிநாதன் 2019 ஏப்ரல் 22 அன்று தீர்ப்பு எழுதினார். அத்தோடு நிறுத்தவில்லை. ஆண், பெண் என்று தெளிவாகப் பிரிக்க முடியாத உடலோடு பிறக்கும் ஊடுபால் குழந்தைகளின் உடலை ஆணாகவோ பெண்ணாகவோ அறுத்துத் திருத்துவதைத் தடுக்கச் சொன்னார். அந்த ஆகஸ்டிலேயே, உயிருக்கு ஆபத்தான நிலை தவிர, தமிழக அரசு அதைத் தடைசெய்தது. 2012இல் தெருவில் நின்று கேட்ட கேள்விக்கு ஏழு வருடத்தில் அதே ஊரிலிருந்து வந்த பதிலாகத்தான் நான் அதைப் படித்தேன்.

ஆனாலும் மதுரையிலிருந்து ஓடுவது நிற்கவில்லை. 2021இல் வீட்டுக்குப் பயந்து, ஒருவரையொருவர் நேசித்த இரண்டு இளம்பெண்கள் இங்கிருந்துதான் சென்னைக்குப் போனார்கள். அவர்கள் வழக்கை விசாரித்த நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், தமக்கு இது புரியவில்லை என்று ஒப்புக்கொண்டு, ஓர் உளவியல் நிபுணரிடம் உட்கார்ந்து கேட்டுத் தெரிந்துகொண்ட பிறகே உத்தரவு எழுதினார். அம்மாவிடம் இதைப் பலமுறை சொல்லியிருக்கிறேன். 2018 செப்டம்பரில், 377 குறித்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வந்த வாரத்தில்தான் அவரிடம் என்னைப் பற்றிப் பேசினேன். மூன்று மாதம் போனை எடுக்கவில்லை. பிறகு ஒரு நாள் அவரே அழைத்து, சாப்பிட்டாயா என்று கேட்டார்.

மாலையில் மூவரும் கோயிலுக்குப் போனோம். செல்போன்களைக் கொடுத்துவிட்டு உள்ளே நுழைந்ததும் அம்மா அவனுக்கு வழிகாட்டியாகிவிட்டார். "இது ஆடி மாதம் தம்பி. சித்திரையில் பட்டம் சூடியவள், ஆவணி வரைக்கும் அவள் ஆட்சிதான்." மலையத்துவசன் மகளைப் பெற்று வருந்தியபோது, ஆண்பிள்ளைக்குச் செய்யும் சடங்கெல்லாம் செய்து தடாதகை என்று பெயரிட்டு முடிசூட்டு என்று அசரீரி கேட்ட கதையையும் சொன்னார்.

நடராஜர் ஆடும் வெள்ளியம்பலத்தில் நெடுநேரம் நின்றோம். "மற்ற ஊர்களில் இடது காலைத் தூக்கி ஆடுவார். இங்கே வலது கால். ராஜசேகர பாண்டியன் நாட்டியம் படித்துப் பார்த்தான், கால் அப்படி வலித்தது. சாமிக்கும் வலிக்குமே என்று அழுதான். அவனுக்காக மாற்றிக்கொண்டார்." அவன் அந்தத் தூக்கிய பாதத்தையே பார்த்துக்கொண்டிருந்தான்.

சித்திரை வீதியில் பூக்காரம்மா அம்மாவைத் தெரிந்துவைத்திருந்தார். "இரண்டும் பிள்ளைகளா அக்கா?" என்று கேட்டார். அம்மா சில்லறை எண்ணுவதை நிறுத்தினார். எனக்கு உள்ளங்கை வியர்த்தது.

"இவன் என் மகன். அவர் இவனுடைய வீட்டுக்காரர்."

பூக்காரம்மா எங்கள் இருவரையும் ஒருமுறை ஏறிட்டுப் பார்த்தார். பிறகு மல்லிகைச் சரத்தை முழங்கையில் வைத்து விரல்நுனி வரை இழுத்தபடி, "இரண்டு முழம் போதுமா அக்கா?" என்று கேட்டார்.