படுதாவுக்கு முன்னால் நின்ற நாள்

நாடகங்களுக்குப் படுதா வரைவது என் தொழில். ஒருமுறை காவலாளி வேடக்காரர் காய்ச்சலில் படுத்துவிட, "வசனமே கிடையாது, சும்மா நின்றால் போதும்" என்று என்னை மேடையேற்றிவிட்டார்கள். நகக்கண்ணில் நீலச் சாயத்தோடு, ஈட்டியைப் பிடித்தபடி கால் மணி நேரம். சும்மா நிற்பது எவ்வளவு பெரிய வேலை என்பது முழங்காலுக்குத்தான் தெரியும். அதைவிட உறுத்தியது வேறொன்று. நான் வரைந்த கோட்டை வாசல் முதுகுக்குப் பின்னால் இருந்தது. எல்லோரும் பார்த்தார்கள், என்னால் பார்க்க முடியவில்லை.

அப்புறம்தான் கிரேக்க நடன அமைப்பாளரும் மேடை இயக்குநருமான டிமிட்ரிஸ் பாபாயோனுவின் மேல் எனக்கு ஒரு பிடிப்பு வந்தது. 1964இல் ஏதென்ஸில் பிறந்தவர். ஓவியர் யானிஸ் சாருகிஸிடம் கற்று, பிறகு ஏதென்ஸ் நுண்கலைப் பள்ளியில் சேர்ந்தார். அந்த குருவும் மேடையை அறிந்தவர்தான். 1958இல் புகழ்பெற்ற பாடகி மரியா காலஸ் பாடிய 'மெடியா' என்ற இசை நாடகத்துக்குக் காட்சியமைப்பு அவருடையது. சீடர் முதலில் காமிக்ஸ் வரைந்தார். 1986இல் 'எடாஃபோஸ்' என்ற நடனக் குழுவைக் கூட்டாகத் தொடங்கினார். அந்தச் சொல்லுக்குத் தரை, நிலம் என்று பொருள். படம் வரைபவர் வைக்கக்கூடிய பெயர்தான்.

உலகம் அவரைக் கவனித்தது 2004இல். ஏதென்ஸ் ஒலிம்பிக் தொடக்க விழாவில் மைதானமே ஏரியாகி, காகிதக் கப்பல் போன்ற படகில் ஒரு சிறுவன் வந்தானே, அந்த விழாவை உருவாக்கியவர் இவர். அவ்வளவு பெரிய வேலைக்குப் பிறகு, 2012இல் 'ஆதிப் பொருள்' என்று சொல்லத்தக்க ஒரு படைப்பில் தானே மேடையேறினார். மொத்தம் இரண்டே பேர். இவர் கறுப்பு உடையில், மற்றவர் ஆடையின்றி. கறுப்பு உடை இருட்டோடு கலந்துவிட, அந்த மற்றவர் கைகால் உடைந்த பழைய சிலைபோல் தெரிவார். அதாவது, படம் வரைந்தவரே படத்தின் நிழலாக நிற்கிறார். தான் வரைந்ததைப் பார்க்க முடியாத இடத்தில்தான் அவரும் நின்றிருக்கிறார் என்பதில் எனக்கு ஓர் அற்ப ஆறுதல்.

2017இல் வந்த அவருடைய 'தி கிரேட் டேமர்' என்ற மேடைப் படைப்பு தொடங்கும் விதத்தைச் சொல்லாமல் விட மனமில்லை. ஒருவர் ஆடையின்றி மல்லாந்து கிடக்கிறார். இன்னொருவர் வந்து வெள்ளைத் துணியால் போர்த்திவிட்டுப் போகிறார். மூன்றாமவர் பக்கத்தில் கிடக்கும் பலகையைத் தூக்கிக் கீழே விடுகிறார். அந்தக் காற்றில் துணி பறந்துவிடுகிறது. மறுபடி போர்த்தல், மறுபடி பலகை. மின்விசிறி இல்லை, தந்திரம் இல்லை. தூரிகை பிடித்த கைக்குத்தான் துணியின் எடையும் தெரியும், காற்றின் எடையும் தெரியும்.

போன மாதம் பட்டறையில் உதவியாளரைப் படுக்கச் சொல்லி, ஒரு பழைய பிளைவுட் பலகையும் வேட்டியுமாக நானும் முயன்றேன். தூசிதான் கிளம்பியது. வேட்டியின் ஓரம் லேசாக எழுந்து அடங்கியது. "அண்ணே, எழுந்திரிக்கலாமா?" என்றான். பலகையின் அகலம் போதவில்லை என்று நினைக்கிறேன்.